கிரேஸியும் பிரேக்கும்

கிண்டி இன்ஜினீயரிங் காலேஜில் மெக்கானிக்கல் படித்த மோகன் வேலைக்குப் போன இடம் சுந்தரம் கிளேட்டன். அப்போது லாரி, பஸ்ஸுக்கு ஏர் பிரேக் செய்துகொண்டிருந்த கம்பெனி, பாடியில் ஃபேக்டரி. (பாடி பிற்பாடு திருவள்ளூர் மாவட்டமானது. 2018-ல் சென்னை இழுத்துக்கொண்டது.) அம்பத்தூர் முதல் கும்மிடிப்பூண்டி வரை ஷிஃப்டுக்கு ஓடும் பையன்களில் ஒருசிலர் பையிலாவது டிராமா ஸ்கிரிப்ட் இருக்கும். இவரிடம் இருந்தது. 1976-ல் எஸ்.வி.சேகருக்கு எழுதிய 'கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' பெயருக்கு முன்னால் ஒட்டிக்கொண்டது. இன்னொரு நாடகத்தை பாலசந்தர் 1983-ல் 'பொய்க்கால் குதிரை' ஆக்கினார்.

2019 ஜூனில் மோகன் இறந்தபோது எல்லோரும் அவருடைய சிலேடையைத்தான் சொல்லிச் சொல்லி மாய்ந்தார்கள். எனக்கு அதில் கொஞ்சம் மனத்தாங்கல். சிலேடை அவருக்குத் தும்மல் மாதிரி, தானாக வரும். நிஜமான கெட்டிக்காரத்தனம் வேறு: ஒரு சின்னத் தப்பைச் சாகவிடாமல் ஆள் மாற்றி ஆள் கடத்துவது. 'மைக்கேல் மதன காமராஜன்' (1990) கல்யாண சாம்பாரில் மீன் விழுகிறதே, ஞாபகம் இருக்கிறதா? பந்தி உட்கார்ந்தாச்சு. சமையல்காரர் காமேஸ்வரனோ பயந்த சுபாவம், பொய் சொல்ல வராது. அடுத்த இலைக்குப் போவது வெறும் சாம்பாரா, மீனா என்பதில்தான் நமக்கு வயிறு வலிக்கிறது. அங்கே வார்த்தை விளையாட்டு ஊறுகாய் மட்டும்.

டி.வி.யில் இது நடக்கவில்லை. 'ஹியர் இஸ் கிரேஸி', 'விடாது சிரிப்பு' எல்லாம் மேடைக் குடும்பமே டி.வி.க்குக் குடிவந்த மாதிரி. அதே மாது, அதே ஜானகி. ஒருத்தர் ஜோக் சொன்னால் எதிராளி அடுத்த ஜோக்கை எடுத்துக் கொடுக்கிறார். யாருக்கும் கோபம் வருவதில்லை, யாருக்கும் எதுவும் பறிபோவதில்லை. சபாவில் ஜனங்கள் சிரித்து முடிக்கும் வரை நடிகர் காத்திருப்பார். கேமரா காத்திருக்காது. சிரித்தோம், மறந்தோம்.

சினிமாவில் பிரேக் போட ஆள் இருந்தது. 'சதிலீலாவதி'யில் (1995) பாலுமகேந்திரா. கமலும் கோவை சரளாவும் கொங்குத் தமிழில் அடிக்கிற லூட்டி ஒரு பக்கம். இன்னொரு பக்கம், குண்டாக இருப்பதாலேயே புருஷன் விலகிப்போன லீலாவதி, கல்பனா. அவர் முகம் வாடுகிற இடத்தில் வசனம் கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறது. மோகனின் படங்களில் என் ஓட்டு இதற்குத்தான்.

'காதலா காதலா'வில் (1998) அப்படி நிறுத்திப் பிடிக்க யாருமில்லை. இரண்டாம் பாதியில் எனக்கு மூச்சு வாங்கியது.