சென்னையிற் பிறந்த ஆர்மீனிய இதழ்

ஆர்மீனிய மொழியின் முதற் பருவ இதழாகிய ‘அஸ்தரார்’ 1794இல் வெளிவந்தது ஆர்மீனிய நாட்டிலன்று; சென்னையில். நடத்தியவர் ஹாருத்யூன் ஷ்மவோனியன் என்னும் பாதிரியார். இரண்டாண்டு நிறையுமுன் 1796இல் அது நின்றது. ஷாமிர் ஷாமிரியனாரின் சென்னை அச்சகம் தந்த அரசியல் நூலோ வருங்கால ஆர்மீனியக் குடியரசுக்குச் சட்டமே வகுத்தது. அந்நூலைப் போற்றுவோர், கப்பல் வரவும் வணிகச் செய்தியும் நிறைந்த இதழை இலக்கியமன்றென எளிதில் ஒதுக்கிவிடலாம். அஃது எமக்கு உடன்பாடன்று. நாடிழந்த சமூகம் தன் அன்றாட வாழ்வைத் தன் எழுத்திலேயே பதிந்துகொள்ளுதல், கனவுகாண்பதினும் அரிய செயலாகும். அரபுத் தமிழில் ஏடெழுதிய முன்னோரையுடைய நம் கல்முனைப் பகுதியார்க்கு இதனை விரித்துரைக்க வேண்டுவதில்லை. அவ்வேடுகளைக் கறையானுக்கு விட்டுவைத்திருப்பதுதான் நம் வெட்கம். ஷ்மவோனியனாரின் கல்லறையாவது சென்னை ஆர்மீனியத் தேவாலய முற்றத்தில் இன்றும் பேணப்படுகின்றது.