மதியும் சந்தமும்

சந்திரன் பிளந்த அற்புதத்தைத் திருக்குர்ஆன் 54ஆம் அத்தியாயத்தின் முதல் வசனத்திலேயே சுருங்கக் கூறுகிறது. இப்னு மஸ்ஊத் (ரழி) வாயிலாகப் புகாரியில் வரும் அறிவிப்பும் சுருக்கமானதே. அதனையே உமறுப்புலவர், சீறாப்புராணத்தின் நுபுவ்வத்துக் காண்டத்தில் 'மதியை அழைப்பித்த படலம்' என விரித்து, அபீபு மன்னனின் வேண்டுகோளையும் நிலவின் வருகையையும் காட்சிகளாக்குகிறார்.

இவ்விரிவுக்கு ஸஹீஹான ஸனது இல்லை என்பது மெய்யே. அதனால் படலத்தையே தள்ளிவிடலாமா? திண்டிவனத்தில் ஒரு மாலை, விழுப்புரத்து மாணவர் ஒருவர் அவ்விருத்தங்களை இராகத்துடன் ஓதினார். பாடத்தில் எழுந்த ஐயங்கள் அடங்க, சந்தத்தின் வழியே நிலவு இறங்கி வருவதாக உணர்ந்தோம். ஆனால் அவ்வுணர்வு ஆதாரமாகிவிடாது.

அறிவிப்பை ஸனதால் அளக்க வேண்டும். காப்பியத்தை ஓசையாலும் கற்பனையாலும் அளக்க வேண்டும். அளவுகோல்களை மாற்றிப் பிடிப்பது ஹதீஸுக்கும் நீதியன்று; உமறுவுக்கும் நீதியன்று.