சாக்ரடீஸ் சொன்னால் பிளேட்டோ சொன்னதாகுமா?

ஏதென்ஸ் தலைவர் பெரிக்ளிஸ் பொதுப்பணிக்குக் கூலி கொடுக்க ஆரம்பித்தார். அதனால் ஏதென்ஸ் மக்கள் சோம்பேறிகளாகவும் கோழைகளாகவும் வாயாடிகளாகவும் பணத்தாசை பிடித்தவர்களாகவும் ஆகிவிட்டார்கள். பிளேட்டோவின் 'கோர்கியாஸ்' உரையாடலில் சாக்ரடீஸ் எடுத்துவைக்கும் புகார் இது. தெமிஸ்டாக்ளிஸ், கிமோன், மில்டியாடிஸ் ஆகிய மற்ற ஏதென்ஸ் தலைவர்களும் இதே கூண்டில் ஏற்றப்படுகிறார்கள். கி.பி. 2ஆம் நூற்றாண்டில் ஏலியஸ் அரிஸ்டைடிஸ் என்ற பேச்சுக்கலைஞர் இந்த நால்வருக்காகவும் வழக்காடி ஒரு நீண்ட உரையே எழுதினார். அவர் மறுத்தது சாக்ரடீஸை அல்ல, பிளேட்டோவை. பாத்திரத்தின் வாயில் வருவது ஆசிரியரின் கட்சிதான் என்பதில் அவருக்குச் சந்தேகமே இருக்கவில்லை.

இன்று அவ்வளவு எளிதாக யாரும் அப்படிச் சொல்வதில்லை. உரையாடலின் வடிவத்தையும் கருத்தையும் பிரிக்க முடியாது என்று ஜெர்மன் அறிஞர் ஷ்லையர்மாகர் 1804இல் வாதிட்டதிலிருந்து, பிளேட்டோவை நாடகமாக வாசிக்கும் முறை வேர்பிடித்து வளர்ந்திருக்கிறது. யார், யாரிடம், எந்த நெருக்கடியில் பேசுகிறார் என்பதைப் பார்க்காமல் வாதத்தை எடைபோடக் கூடாது என்பது இதன் அடிப்படை.

இந்த முறையின் வலு 'கோர்கியாஸ்' நூலில் பளிச்சென்று தெரியும். கோர்கியாஸ் சிசிலியின் லியோன்டினி நகரத்துக்காரர், கி.மு. 427இல் தூதராக ஏதென்ஸ் வந்து தன் பேச்சால் ஊரையே மயக்கியவர். நீதி எதுவென்று தெரியாத மாணவன் வந்தால் கற்றுக்கொடுப்பீர்களா என்று சாக்ரடீஸ் கேட்கிறார். இத்தனை பேர் முன்னால் மாட்டேன் என்று எப்படிச் சொல்வது? கோர்கியாஸ் ஒப்புக்கொள்கிறார், அங்கேயே மாட்டிக்கொள்கிறார். கூச்சப்பட்டுத்தான் அவர் ஒப்புக்கொண்டார் என்று அவருடைய சீடர் போலஸ் பாய்கிறார். பிறகு போலஸும் அதே கூச்சத்தில் விழ, அதை மூன்றாவதாகப் பேசவரும் காலிக்ளிஸ் சுட்டிக்காட்டுகிறார். 1983இல் சார்ல்ஸ் கான் எழுதிய கட்டுரை இந்தச் சங்கிலியை அழகாகப் பிரித்துக் காட்டியது. சபையின் மெச்சுதலை நம்பிப் பிழைக்கும் பேச்சாளன் அந்தச் சபையின் முகச்சுளிப்புக்கு அஞ்சியே தோற்கிறான். பேச்சுக்கலையைப் பற்றிய கூர்மையான விமர்சனம் இது. ஆனால் எந்தத் தனி வாதத்திலும் இது கிடையாது. காட்சிகள் அடுத்தடுத்து வரும் வரிசையில்தான் இருக்கிறது. வாதங்களை உருவியெடுத்து எண் போட்டு அடுக்கும் பகுப்பாய்வாளர்கள் கோட்டைவிடுவது இதைத்தான்.

இந்த வாசிப்பு முறையின் கோளாறு போலஸிடம் தொடங்குகிறது. அநீதிக்கு ஆளாவதைவிட அநீதி செய்வது இழிவானது என்று அவர் ஒப்புக்கொள்கிறார். ஒன்று இழிவானதென்றால் அது வேதனை தர வேண்டும் அல்லது தீங்கு தர வேண்டும் என்கிறார் சாக்ரடீஸ். அநீதி செய்பவனுக்கு வேதனை அதிகமில்லை. ஆகவே தீங்குதான் அதிகம். யாருக்கு வேதனை என்ற கேள்வி இங்கே நழுவிவிட்டது. பார்த்துக்கொண்டிருப்பவனுக்கு அது வேதனையாக இருக்கலாமே! கிரெகரி விளாஸ்டோஸ் 1967இல் இந்த ஓட்டையைத் துல்லியமாகக் காட்டினார். தெரிந்தே ஏமாற்றும் வேலை சாக்ரடீஸிடம் இல்லை, இது பிழைதான் என்பது அவர் கட்சி. நாடகவழி வாசகர்கள் பலருக்கோ இது பிளேட்டோ வேண்டுமென்றே விட்ட ஓட்டை.

அவர்கள் சொல்வது சரியாகவும் இருக்கலாம். ஆனால் நல்ல வாதம் பிளேட்டோவின் மேதைமைக்குச் சான்று, மோசமான வாதம் அதைவிடப் பெரிய மேதைமைக்குச் சான்று என்று ஆகிவிட்டால், இந்த வாசிப்பைப் பிரதியால் மறுக்கவே முடியாது. லியோ ஸ்ட்ராஸ் இதை இன்னொரு எல்லைக்குக் கொண்டுபோனார். அடக்குமுறைக்கு அஞ்சி எழுதுபவர்கள் வரிகளுக்கிடையில் உண்மையை ஒளித்துவைப்பார்கள் என்று 1952இல் வெளியான நூலில் அவர் வாதிட்டார். ஒளித்ததாகச் சொல்லப்படும் ரகசியம் அங்கே இல்லவே இல்லை என்று மைல்ஸ் பர்னியட் 1985இல் தாக்கினார். தொனி சற்றுக் காட்டம்தான், ஆனால் அடி சரியான இடத்தில் விழுந்தது. நாடகத்தை வைத்து உரையாடலுக்கு ஆண்டு குறிக்கும் முயற்சியும் இதே போலத்தான். பெரிக்ளிஸ் அண்மையில் இறந்தார் என்கிறது 'கோர்கியாஸ்'. அவர் இறந்தது கி.மு. 429. அதே நூலில், அதற்குப் பத்தாண்டுக்கும் மேல் கழித்துப் பட்டமேறிய அர்க்கெலாஸ் மக்கெதோனியாவை ஆண்டுகொண்டிருக்கிறார். இரண்டும் ஒரே ஆண்டில் பொருந்தாது.

இனி பெரிக்ளிஸ் மீதான புகாருக்கு வருவோம். சாக்ரடீஸ் அதைக் கேள்விப்பட்டதாகத்தான் சொல்கிறார். காது நசுங்கிய ஆட்களிடம், அதாவது குத்துச்சண்டை போடும் ஸ்பார்டா அபிமானிகளிடம் கேட்டிருப்பீர் என்று காலிக்ளிஸ் கிண்டலடிக்கிறார். நாடகவழி வாசகருக்கு இது அல்வா: கட்சிக்காரர்களின் வம்புப்பேச்சு, பிளேட்டோ பொறுப்பல்ல! ஆனால் அடுத்த வரியையும் படிக்க வேண்டும். இனிச் சொல்வது கேள்விப்பட்டதல்ல, நம் இருவருக்கும் தெரிந்தது என்று சொல்லி, பெரிக்ளிஸ் கையாடல் வழக்கில் தண்டிக்கப்பட்டதை சாக்ரடீஸ் எடுக்கிறார். சாதுவாக வந்த விலங்குகள் முட்டவும் உதைக்கவும் பழகினால் மேய்ப்பவன் மோசமானவன். பெரிக்ளிஸும் அப்படியே என்கிறார்.

இந்த விதி சாக்ரடீஸையே திருப்பி அடிக்காதா? மெய்யான அரசியல் கலையைத் தொடுபவன் அநேகமாகத் தான் ஒருவனே என்று சில பக்கங்கள் கழித்துச் சொல்பவர் அவர். தனக்கு மரண தண்டனை வந்தாலும் வியப்பில்லை என்றும் சொல்கிறார். நகைமுரண் என்று சொல்லி நகர்ந்துவிடலாம்தான். ஆனால் ஒரு பதில் பிரதியிலேயே இருக்கிறது: கூட்டத்தோடு நான் பேசுவதில்லை, எதிரே நிற்கும் ஒருவனே என் சாட்சி என்று போலஸிடம் அவர் முன்பே சொல்லியிருக்கிறார். மந்தையைப் பொறுப்பேற்காதவனுக்கு மேய்ப்பன் விதி பொருந்தாது. இந்தச் சமாதானம் பாதி தூரம்தான் வருகிறது. மந்தையை ஏற்காதவன் அரசியல் கலையை உரிமை கோருவது எப்படி என்ற கேள்வி அப்படியே நிற்கிறது. அந்த மீதியையும் திட்டமிட்ட நுட்பமாக்க எனக்கு மனமில்லை. பெரிக்ளிஸ் மீதிருந்த கோபத்தில் பிளேட்டோ வாதத்தை ஒரு படி கூடுதலாக ஓட்டிவிட்டார் என்றே படுகிறது. அந்த அளவில், அவரையே நேராகக் கூண்டில் நிறுத்திய அரிஸ்டைடிஸ் இன்றைய வாசகர்கள் பலரைவிட நன்றாகவே படித்திருக்கிறார்.