முறியும் வாள்: ஒரு விளையாட்டுப் பிரதியை முன்வைத்து

வீடியோ விளையாட்டு இலக்கியச் சஞ்சிகையில் பேசத்தக்க ஒரு பிரதியா என்று கேட்பவர்கள் நம்மிடையே உண்டு. கதையும் வெளியும் காலமும் பாத்திரங்களும் கொண்டதும், ஒருவரை நூறு மணித்தியாலங்களுக்கு மேல் தன்னுள் வைத்திருக்கக்கூடியதுமான ஒன்றைத் தொடாமல் விடுவது விமர்சனத்தின் குறையே என்று கருதுகிறேன். நின்டெண்டோ நிறுவனம் 2017 மார்ச் 3ஆம் திகதி வெளியிட்ட ‘த லெஜண்ட் ஒஃப் செல்டா: பிரெத் ஒஃப் த வைல்ட்’ என்ற விளையாட்டின் ஒரேயொரு விதியைப் பற்றி மட்டும் இங்கு பேச விரும்புகிறேன். அதில் ஆயுதங்கள் முறிந்துபோகும் என்பதே அந்த விதி.

இந்த விளையாட்டை எனக்கு அறிமுகப்படுத்தியவன் என் மருமகன். புத்தளத்தில் பிறந்து, எங்களோடு யாழ்ப்பாணம் சோனகத் தெருவுக்கு வந்தவன். 2022இன் மின்வெட்டு இரவுகளில், தன் பற்றரியிலேயே இயங்கிய அந்தச் சிறிய கருவி ஒன்றே எங்கள் வீட்டில் வெளிச்சம் தந்தது. முதலில் பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு நானும் விளையாடினேன். நல்ல வாள் ஒன்று கிடைத்ததும், பெரிய எதிரி வரும்வரை இருக்கட்டும் என்று அதை எடுக்காமலே வைத்தேன். இன்னொன்று கிடைத்தது, அதையும் வைத்தேன். அவன் சொன்னான்: “வெச்சிக்கிட்டே இருந்தா என்ன பிரயோசனம் மாமா? பாவிக்காமலே ஆட்டம் முடிஞ்சிடும்.”

விளையாடாதவர்களுக்காகச் சில விவரங்கள். லிங்க் என்ற வீரன் நூறு வருட உறக்கத்திலிருந்து எழுகிறான். ஹைரூல் நாடு அழிந்து கிடக்கிறது. அவன் கையில் எதுவும் இல்லை. கீழே கிடக்கும் மரக்கிளையும், கொன்ற எதிரியின் தடியும், இடிபாடுகளுக்குள் கிடைக்கும் துருப்பிடித்த வாளுமே அவனுக்கு ஆயுதம். இவை ஒவ்வொன்றுக்கும் ஆயுள் உண்டு. மரக்கிளைக்கு 4, பயணியின் வாளுக்கு 20, அரச அகலவாளுக்கு 36. ஆனால் இந்த எண்களை விளையாட்டு நமக்குக் காட்டுவதில்லை. இறுதி நெருங்கும்போது சிவப்பாய் மினுங்கி ஓர் எச்சரிக்கை மட்டும் தருகிறது. சேர்த்து வைக்கவும் இடமில்லை. தொடக்கத்தில் கைக்கொள்ளக்கூடியவை எட்டு ஆயுதங்களே. காடுமேடெல்லாம் ஒளித்து வைக்கப்பட்ட கொரொக் விதைகளைத் தேடிக் கொடுத்துத்தான் அந்த இடத்தைப் பெருப்பிக்க வேண்டும்.

ஆகவே விளையாடுபவர் ஒருவகை வீட்டுச் சிக்கனத்தைப் பழகிக்கொள்கிறார். மரம் தறிக்கக் கோடரி, கல்லுடைக்கச் சம்மட்டி. அதற்கு வாளை வீணாக்கக்கூடாது. தீராத குண்டு கையிலிருக்கும்போது பாறைக்கு இரும்பைச் செலவழிக்கத் தேவையில்லை. சிறிய எதிரிக்குத் தடி போதும். முறியப்போகும் வாளை வீசி எறிந்தால் அதன் கடைசி அடி இரட்டிப்புப் பலத்தோடு விழும். முறிவதும் இங்கே ஒரு பயன்தான்.

இந்த விதியை வெறுத்தவர்கள் பலர். உழைத்துப் பெற்றதை விளையாட்டு பறித்துக்கொள்கிறது என்பது அவர்களது முறைப்பாடு. என் வாசிப்பு வேறு. அழிவைச் சொல்லும் கதைகளில் அழிவு பெரும்பாலும் பின்னணியில் வரைந்த ஓவியமாகவே நின்றுவிடுகிறது. நாயகனின் வாள் மட்டும் என்றும் கூராகவே இருக்கும். இங்கே அழிவு கைக்குள் வருகிறது. நாடு உடைந்து கிடப்பதை நாம் பார்ப்பதோடு நிற்பதில்லை. பிடித்திருக்கும் பொருள் கையிலேயே உடைவதால் அதை அறிகிறோம். உடைந்ததும் நிலத்தைப் பார்த்து அடுத்ததைத் தேடுகிறோம். பத்ர் களத்தில் உக்காஷா இப்னு மிஹ்ஸன் (ரலி) அவர்களின் வாள் முறிந்தபோது நபி (ஸல்) அவர்கள் ஒரு மரக்கட்டையை எடுத்துக் கொடுத்ததையும், அது அவர் கையில் வாளானதையும், ‘அல்-அவ்ன்’, அதாவது உதவி என்று அது பெயர் பெற்றதையும் இப்னு இஸ்ஹாக்கின் சீறாவில் படித்திருக்கிறோம். அந்தப் பெயர் பிறந்தது முறிவின் பிறகுதான்.

நான் ஏன் பாவிக்காமல் சேர்த்து வைத்தேன் என்பதற்கு மருமகனிடம் பதில் சொல்லவில்லை. 1990 ஒக்டோபர் 30ஆம் திகதி விடுதலைப் புலிகள் யாழ்ப்பாண முஸ்லிம்களை இரண்டு மணித்தியாலங்களுக்குள் வெளியேறச் சொன்னார்கள். கொண்டுபோக விட்டது சில நூறு ரூபாவும் மாற்றுடுப்பும்தான். அந்த நாளைக் கடந்தவர்களில் இரண்டு வகையினரைக் கண்டிருக்கிறேன். நல்ல பொருள் எதையும் வாங்காமலே வாழ்ந்து முடித்தவர்கள் ஒரு வகை. வாங்கியதை உறை பிரிக்காமல் அலுமாரிக்குள் வைத்தவர்கள் மற்ற வகை. நான் இரண்டாவது வகை. இழந்தவன் பொருளைப் பற்றிக்கொள்வது பேராசையால் அல்ல, கணக்குத் தெரியாததால். எது எத்தனை அடி தாங்கும் என்று யாரும் அவனுக்குச் சொல்லவில்லை. விளையாட்டு எண்ணை மறைத்து வைப்பதன் பொருளை அப்போதுதான் விளங்கிக்கொண்டேன்.

ஹட்டேனோ என்ற ஊரில் இடிக்கப்படவிருக்கும் ஒரு வீட்டை 3000 ரூபியும் 30 கட்டு விறகும் கொடுத்து லிங்க் வாங்கலாம். ஒவ்வொன்றும் நூறு ரூபி கொடுத்துச் சுவரில் ஆயுதம் மாட்டும் தாங்கிகளைப் பொருத்தலாம். மாட்டியது முறியாது, ஆனால் போருக்கும் உதவாது. வாழ்வதற்கு வைத்திருப்பதும் நினைவுக்கு வைத்திருப்பதும் வெவ்வேறு என்பதை இந்தச் சுவர் எந்த உபதேசமும் இன்றிச் சொல்லிவிடுகிறது. விளையாட்டின் மிக நல்ல இடம் இதுவென்பேன்.

இனி அதன் குறை. ஹைரூலில் பொருள் முறிகிறது, வேறு பொருள் கிடைக்கிறது. திருத்துவது மட்டும் கிட்டத்தட்ட இல்லை. செத்துப்போன மாவீரர்களின் ஆயுதங்களுக்கு மட்டும் அந்தச் சலுகை உண்டு. மீஃபாவின் ஈட்டி முறிந்தால், ஸோரா ஊரின் கொல்லரான டென்டோ, ஒரு ஸோரா ஈட்டியும் ஐந்து தீக்கல்லும் ஒரு வைரமும் வாங்கிக்கொண்டு அதை மீண்டும் செய்து தருவார். துருப்பிடித்த ஆயுதத்தை உறிஞ்சிப் புதிதாக்கித் துப்பும் கல் ஒக்டொரொக் என்ற பிராணியும் உண்டு. சாதாரண வாளுக்கு உலையோ அரமோ எங்கும் இல்லை. போதாததற்கு, இரத்த நிலா எழும் இரவில் கொன்ற எதிரிகளும் எடுத்த ஆயுதங்களும் பழைய இடத்துக்கே திரும்பி வந்துவிடுகின்றன. இழப்பைக் கற்பிக்கத் தொடங்கிய விளையாட்டு, அந்த இடத்தில் இழப்பின் விலையைத் தள்ளுபடி செய்துவிடுகிறது.

என் வாப்பா பழைய இரும்பு வியாபாரம் செய்தவர். வாங்கிய இரும்பை மூன்றாகப் பிரிப்பார்: அப்படியே பாவிக்கக்கூடியது, திருத்தக்கூடியது, உருக்கத்தான் சரியானது. நடுவில் உள்ள குவியல்தான் எப்போதும் பெரிது. பிடி போன மண்வெட்டி, முனை மழுங்கிய அலவாங்கு, பல் போன அரம். தாவூத் நபிக்கு அல்லாஹ் இரும்பை மென்மையாக்கிக் கொடுத்ததாகக் குர்ஆன் சொல்வதை வாப்பா அந்தக் குவியலுக்கு முன்னால் நின்றுதான் எங்களுக்குச் சொல்லித் தந்தார். ஹைரூலில் அந்த நடுக்குவியல் இல்லை.

2023 மே 12ஆம் திகதி வெளிவந்த இதன் தொடர்ச்சியான ‘டியர்ஸ் ஒஃப் த கிங்டம்’ இந்தக் குறையை உணர்ந்திருக்கிறது. அதில் நாட்டின் ஆயுதங்கள் எல்லாம் உக்கிப்போகின்றன. உக்கிய வாளோடு ஒரு கல்லையோ எதிரியின் கொம்பையோ பொருத்தினால் ஆயுளும் பலமும் கூடுகின்றன. பார்க்க அழகில்லாத, ஒட்டுப்போட்ட ஆயுதங்கள். முதலாவதை விட இரண்டாவது விளையாட்டு என் மனதுக்கு நெருங்கியது அதனால்தான்.

இதை நமது எழுத்தோடு சேர்த்து யோசிக்காமல் இருக்க முடியவில்லை. வட புல முஸ்லிம்களின் கவிதைகளிலும் கதைகளிலும் அந்த இரண்டு மணித்தியாலமும், கையில் தூக்கிய சொப்பிங் பையும், பூட்டிய கதவின் திறப்பும் திரும்பத் திரும்ப வருகின்றன. அவை உண்மை. நானும் எழுதியிருக்கிறேன். ஆனால் ஒரே சொல்லால் முப்பது வருடங்களுக்கு மேல் வெட்டினால் அது மழுங்கும் என்பதை நாம் ஒப்புக்கொள்வதில்லை. சிலர் அந்தச் சொல்லைச் சுவரில் மாட்டி, ஒக்டோபர் வந்தால் தூசு தட்டுகிறோம். செல்டாவின் முறியாத ஒரே வாளான மாஸ்டர் வாள்கூடச் சக்தி தீர்ந்ததும் பத்து நிமிடம் ஓய்வு கேட்கிறது. நம் சொற்களுக்கு ஓய்வும் இல்லை, உலையும் இல்லை. திரும்பி வந்து கூரையும் நிலைகளும் இல்லாத வீடுகளில் மரம் வளர்ந்திருக்கக் கண்டதையும், புத்தளத்தில் பிறந்த பிள்ளைக்கு யாழ்ப்பாணம் வாப்பாவின் ஊராக மட்டுமே இருப்பதையும் அந்தப் பழைய சொல்லோடு பொருத்தி எழுதியவை குறைவு. அப்படிப் பொருத்தினால் அழகு கெடலாம். ஆனால் வெட்டும்.

மீளக்குடியேறியபோது வாங்கிய கோடரியொன்று எண்ணெய்த் தாளில் சுற்றியபடி என்னிடம் இருந்தது. போன மாதம் வளவில் வளர்ந்திருந்த முருங்கையைத் தறிக்க அதை வெளியே எடுத்தேன். இரண்டாம் நாளே பிடி ஆடத் தொடங்கிவிட்டது. மருமகன் ஆப்பு சீவிக்கொண்டு வந்தான்.