மீராவின் ஒளி, ராணாவின் நிழல்

1945 தீபாவளிக்கு வெளிவந்த ‘மீரா’வைப் பக்திப் படம் என்று வகைப்படுத்துவது வழக்கம். மீராவின் கணவர் ராணாவின் பக்கம் நின்று பார்த்தால் அது கைகூடாத காதலின் கதை. அந்த மேவார் அரசனாக நடித்தவர் சித்தூர் வி. நாகையா. ஆந்திரத்து ரேபல்லெயில் பிறந்தவர். சித்தூர் ராமவிலாச சபா நாடகங்களில் பாடி நடித்துப் பேர் வாங்கியதால் ஊரின் பெயர் அவரோடு ஒட்டிக்கொண்டது. ராஜஸ்தானத்துச் சித்தூரை ஆள ஆந்திரத்துச் சித்தூர்க்காரர் வாய்த்தது தற்செயல்தான்.

தயாரித்தவர் டி. சதாசிவம், வசனம் கல்கி. இயக்கிய எல்லிஸ் ஆர். டங்கன் அமெரிக்கர், தமிழ் அறியாதவர். அதனாலோ என்னவோ, கண் சொல்ல வேண்டியதை அவர் வசனத்தின் தலையில் கட்டவில்லை. மீராவாக நடித்த எம்.எஸ். சுப்புலட்சுமியின் முகத்தைப் பிளாஸ்டர் சிலையாக வடிக்கச் செய்தார். ஒளிப்பதிவாளர் ஜிதன் பானர்ஜி அந்தச் சிலையின் மேல் விளக்கை ஏற்றியும் இறக்கியும் பக்கவாட்டில் நகர்த்தியும் கோணம் கோணமாகப் படமெடுத்துப் பார்த்தார். எந்தக் கன்னத்தில் வெளிச்சம் விழ வேண்டும், எங்கே நிழல் தங்க வேண்டும் என்பதெல்லாம் இப்படிச் சோதித்துத் தேர்ந்தவை. அண்மைக் காட்சிகளில் பாடும் முகமே கதையை நகர்த்துவது இந்த உழைப்பின் பலன். சிறுமி மீராவாக வரும் சதாசிவத்தின் மகள் ராதா பாடத் தொடங்கும் பாட்டு முடிவதற்குள் எம்.எஸ். வந்துவிடுகிறார், இடைப்பட்ட வருஷங்கள் ராகத்தோடு கரைந்துபோகின்றன.

உதயப்பூர், துவாரகை, பிருந்தாவனம் என்று படக்குழு வடக்கே போய்ப் படமெடுத்தது. உதயப்பூர் மகாராணா யானை, குதிரைகளைத் தந்து உதவினார். அட்டை அரண்மனைகளுக்குப் பழகிய அன்றைய தமிழ்ப் படத்துக்கு நிஜக் கல்லும் ஏரியும் கிடைத்தன.

இத்தனை அழகுக்கும் நடுவே தனித்து நிற்பவர் ராணா. மனைவி கேட்டாள் என்று, அவள் மணாளனாக வரித்த கண்ணனுக்குக் கோயில் கட்டுகிறார். அதாவது, தன் போட்டியாளனுக்குத் தானே வீடு கட்டித் தருகிறார். பிறகு அதே கோயிலைத் தகர்க்கப் பீரங்கிக்கு உத்தரவிடுவதும் அவரே. நாகையா இதை வில்லத்தனமாக்கவில்லை. தாழ்ந்த குரலில், புரியாமல் தவிக்கும் கணவனாகவே நின்றார். அரண்மனையை விட்டுப் போன மீராவைத் திரும்ப அழைத்துவர அவர் துவாரகைக்கு ஓடி வரும்போது கிடைப்பது உடல் மட்டுமே. மீரா விஷம் குடித்தும் பிழைக்கும் அற்புதம் இன்று நாடகத் தந்திரமாகத் தெரியலாம்; இந்த முடிவு பழசாகவில்லை.

1947இல் வந்த இந்திப் பதிப்பில் சரோஜினி நாயுடு திரையில் தோன்றி எம்.எஸ்.ஸை அறிமுகப்படுத்தினார். எம்.எஸ். பிறகு படங்களில் நடிக்கவில்லை. திருமலை திருப்பதி தேவஸ்தானத்தின் ஆஸ்தான விதுஷியானார். ‘மீரா’வை மறுபடி பார்ப்பவர்கள் பாட்டோடு நின்றுவிடாமல், பாட்டைக் கேட்டு நிற்கும் ராணாவின் முகத்தையும் கவனிக்க வேண்டும்.