கிடாருக்குப் பின்னால் பறை

சென்னையின் 'தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' இசைக்குழுவின் பாட்டுகளை அரசியலாகத்தான் கேட்க வேண்டும், இசையாக நிறுத்துப் பார்ப்பது மேட்டிமைத்தனம் என்று ஒரு வாதம் உண்டு. அது இப்போது தருமபுரிப் பக்கமும் வந்துவிட்டது. டிரம்ஸ் செட்டும் எலெக்ட்ரிக் கிடாரும் சேர்த்துக்கொண்டு மேடையேறும் பறைக்குழு இளைஞர்களிடம் "பறையே கேட்கவில்லையே, தம்பி" என்றால் இதே பதில்தான் வருகிறது. என்னால் இதை ஒப்புக்கொள்ள முடியவில்லை.

கேஸ்ட்லெஸ் கலெக்டிவின் பெருமையை மறுக்கவில்லை. இயக்குநர் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் டென்மாவும் சேர்ந்து உருவாக்கிய குழு அது. 2018 ஜனவரியில் கீழ்ப்பாக்கத்தில் அவர்கள் முதன்முதலாக மேடையேறியபோது, வடசென்னையின் சாவு வீட்டுப் பாட்டான கானா அம்பேத்கரின் பெயரோடு நிமிர்ந்து நின்றது. ஆண்களின் களமாக இருந்த கானாவில் இசைவாணி பாடினார். 2020இல் பிபிசியின் நூறு பெண்கள் பட்டியலில் இடம்பெற்றார். 2012 நவம்பரில் தலித் மக்களின் நத்தம் காலனி சாதி வெறியில் எரிந்ததைப் பார்த்த மாவட்டம் எங்கள் தருமபுரி. இந்தப் பாட்டுகள் ஏன் தேவை என்று இங்கே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.

என் குறை அந்தப் பாட்டுகளின் ஒலியில் இருக்கிறது. சட்டி, கட்டமோளம், பறை எல்லாம் மேடையில் கண்ணுக்குத் தெரிகின்றன. ஆனால் பாட்டு சூடேறும் இடங்களில் காதில் விழுவது கிடாரும் டிரம்ஸும்தான். பறையின் உயிர் சிம்புக்குச்சியின் கூர்மையான வெடிப்பில் இருக்கிறது. ராக் கிடாரின் இரைச்சலும் சிம்பலும் ஸ்நேரும் உட்காருவது அதே மேல்சுருதி வட்டாரத்தில். நெருப்பில் காய்ச்சி ஏற்றிய தோலின் குரல் அங்கே மூழ்கிப்போகிறது. கானா பாடகர் ஒரு அடியை இழுத்து நிறுத்துவார். அடிப்பவர் காத்திருந்து பிடிப்பார். டிரம்ஸ் செட் அளந்து கொடுக்கும் நாலு தட்டுக்குள் அந்த இழுப்புக்கு இடமே இல்லை. கிடாரை எடுத்துவிட்டால் இந்தப் பாட்டுகள் பல சரிந்துவிடும். பறையை எடுத்தால் சரியாது. சாதி ஒழிப்பைப் பாடும் இசைக்குள்ளேயே வாத்தியங்களுக்கு இப்படி மேலும் கீழும் இருக்கலாமா?

வேறு வழி இல்லை என்பவர்கள் நியூ ஆர்லியன்ஸின் 'தி மீட்டர்ஸ்' குழுவைக் கேட்க வேண்டும். ஃபங்க் இசையின் முன்னோடிகள் அவர்கள். அந்த நகரத்திலும் சவ ஊர்வலத்தின் பின்னால் ஆடிவரும் கூட்டத்துக்கென்று தெருத் தாளம் ஒன்று உண்டு. கறுப்பின மக்களின் தாளம் அது. குழுவின் டிரம்மர் ஜிகபூ மாடலிஸ்ட் அதை டிரம்ஸ் செட்டுக்குள் கொண்டுவந்தார். 1969இல் வந்த அவர்களது 'சிஸி ஸ்ட்ரட்' பாட்டே இல்லாத வெறும் வாத்திய இசை. அதில் கிடாரும் பாஸும் ஒரே வரியைச் சேர்ந்து வாசித்து, தாளத்துக்கு இடம் விட்டு ஒதுங்குகின்றன. ஒவ்வொருவரும் கொஞ்சமாகவே வாசிக்கிறார்கள். அங்கே கிடாரே ஒரு தோல் வாத்தியமாக மாறிவிடுகிறது; தெருவின் தாளம்தான் எஜமான். சாவு வீட்டிலிருந்து புறப்பட்ட கானாவுக்கு இதைவிட நெருங்கிய உறவு உலகத்தில் எங்கே கிடைக்கும்? அந்த உறவை விட்டுவிட்டு ராக் இசையின் ஆரவாரத்தைத் தேர்ந்தெடுத்தது பெரிய இழப்பு என்று பல வருடங்களாகச் சொல்லிவருகிறேன்.

அரசியல் சரியாக இருந்தால் இசையைக் கேள்வி கேட்கக்கூடாது என்பவர்கள், தெரிந்தோ தெரியாமலோ, பறையடிப்பவரைக் கலைஞர் என்ற இடத்திலிருந்து இறக்குகிறார்கள். சபா மேடையில் மிருதங்கத்தின் ஒரு சொல் பிசகினால் பக்கம் பக்கமாக எழுதுகிறார்கள். பறைக்கு மட்டும் கைதட்டல் போதுமா? அதன் அடவுகளைப் பெயர் சொல்லி விமர்சிப்பதுதான் மரியாதை.

கெடுதல் சென்னையோடு நிற்கவில்லை. பம்பையும் உறுமியும் தப்பட்டையும் தலைமுறையாக வாசிக்கும் எங்கள் மாவட்டத்தில், சென்னையின் இந்த ஒலியே 'தமிழ் மக்களிசை' என்று இளைஞர்கள் நம்பத் தொடங்கிவிட்டார்கள். அம்மன் கோயில் திருவிழாவில் விடிய விடிய பம்பை அடிக்கும் பெரியவரிடம் இருக்கும் கால நுணுக்கத்தை விட்டுவிட்டு, கடனுக்கு ஆம்ப்ளிஃபையர் வாங்குகிறார்கள்.

அவர்களிடம் நான் கேட்பது இதுதான். பறையும் பம்பையும் மட்டும் வைத்து முதலில் பாட்டைக் கட்டுங்கள். பாஸ் கிடார் அதற்கு அடியில் வரட்டும். லீட் கிடாருக்கு இடம் மிச்சமிருந்தால் அப்புறம் கூப்பிடலாம்.