‘வந்து சேர்ந்தது’: நூதனசாலை உலாக்கள் பற்றிச் சில குறிப்புகள்

புத்தகத்துக்கு விமர்சனம் எழுதுகிறோம், நாடகத்துக்கு எழுதுகிறோம், எம்மவரின் ஆண்டுவிழாக்களில் பாடப்படும் பாட்டுக்குக்கூட எழுதுகிறோம். நூதனசாலையில் வழிகாட்டி ஒருவர் இருபது பேரைக் கூட்டிக்கொண்டு அறை அறையாகச் சொல்லிச் செல்லும் ஒரு மணிநேரக் கதைக்கு எழுதப்பட்ட விமர்சனம் எதையும் நான் வாசித்ததில்லை. அதுவும் ஒரு பிரதிதான். அதற்கும் தொடக்கம் உண்டு, முடிவு உண்டு, கதாநாயகர்கள் உண்டு. சொல்லாமல் விடப்படுபவையும் உண்டு.

உணவகத் தொழிலாளிக்கு இந்தக் கதையைக் கேட்கக் கிடைக்கும் நேரம் விசித்திரமானது. எனக்கு விடுமுறை திங்கட்கிழமை. இங்கு பெரும்பாலான நூதனசாலைகளுக்கும் அன்றுதான் விடுமுறை. மிஞ்சுவது ‘சிம்மர்ஸ்ருண்ட’: மதியச் சமையல் முடிந்து இரவுச் சமையல் தொடங்கும்வரை சம்பளமில்லாமல் வெளியே விடப்படும் அந்த இரண்டரை மணித்தியாலம். மற்றவர்கள் தூங்குவார்கள். பல்கலைக்கழகத்தில் வரலாற்றை இரண்டாம் வருடத்தோடு விட்டுவிட்டு வந்தவன் என்பதால் நான் கல்லையும் வெண்கலத்தையும் பார்க்கப் போகிறேன். (“உனக்குக் கால் நோகாதா?” என்று கேட்கிறான் கூட வேலைசெய்யும் போர்த்துக்கல்காரன். நோகும்.)

நான் போன உலாக்களில் ஒன்றின் பெயர் ‘பண்டைய நாகரிகங்கள்’. எந்த ஊர், எந்த நூதனசாலை என்பது இங்கு அவசியமில்லை. குறை ஒரு கட்டடத்தினுடையதல்ல, ஒரு வகைமையினுடையது. வழிகாட்டி வயதான பெண்மணி, பொறுமையானவர், தெளிவான ஜேர்மன் பேசுபவர். எகிப்தின் மம்மி, மெசொப்பொத்தேமியாவின் களிமண் ஏடு, கிரேக்கச் சாடி, கடைசியில் ஒரு மூலையில் தென்னிந்திய வெண்கலம். எகிப்துக்கு இருபது நிமிடம், எமக்கு நான்கு. நேரக்கணக்கு எனக்குப் பெரிய விடயமில்லை. என்னை உறுத்தியது இலக்கணம். “இந்தக் கடவுள் வழிபடப்பட்டார்” என்றார் அவர். இறந்தகாலம்.

சிதம்பரத்தில் இன்றும் ஆனியிலும் மார்கழியிலும் மூலவரே தேரேறி வீதிக்கு வருகிறார். சூரிச்சிலிருந்து சிறிது தூரத்தில் அட்லிஸ்வில் கோயிலில் எம்மவர் அர்ச்சனைத் துண்டோடு வரிசையில் நிற்கிறார்கள். சுவாமிமலையில் இன்றைக்கும் மெழுகில் உருவம் செய்து, மண் பூசி, மெழுகை உருக்கி வெளியேற்றி, அந்த வெற்றிடத்தில் உலோகத்தை வார்க்கிறார்கள். பண்டையது என்ற சொல்லுக்குள் இதையெல்லாம் எப்படி அடைப்பது? மம்மியைப் பார்த்துவிட்டு வரும் கண், அதே கண்ணோடு நடராஜரையும் பார்க்கிறது. உலாவின் ஒழுங்கே அந்தக் கண்ணை உருவாக்குகிறது. வழிகாட்டி தவறாக எதையும் சொல்லத் தேவையில்லை, அறைகளின் வரிசையே சொல்லிவிடுகிறது.

இன்னொன்று, பீடத்தின் துளைகள். சோழர்கால வெண்கலத் திருமேனிகளின் பீடத்தைக் கவனித்தால் பக்கங்களில் துளைகளோ வளையங்களோ இருக்கும். தண்டு கோத்துத் தோளில் சுமந்து செல்வதற்காக வைத்தவை அவை. இது நிற்பதற்கு வார்த்த சிலை அல்ல, புறப்படுவதற்கு வார்த்தது. அதுவும் பட்டுடுத்தி, மாலை போட்டு, முகம் மட்டும் தெரியத்தான் புறப்படும். நூதனசாலையில் அது வெறும் மேனியாக விளக்கொளியில் நிற்கிறது, நாம் இடுப்பின் வளைவை வியக்கிறோம். வியப்பில் தவறில்லை, வளைவு அழகானதுதான். ஆனால் எவனோ ஒருவனின் தோள் அந்த அழகின் பாதி. அந்தத் தோளைப் பற்றி அன்றைக்கு ஒரு வார்த்தையும் இல்லை.

‘பிரபஞ்ச நடனம்’ என்ற சொல் மட்டும் தவறாமல் வரும். அழித்தல், ஆக்கல், அறியாமையை மிதிக்கும் கால் என்று சொல்லிக்கொண்டு போவார்கள். நல்ல விளக்கம். ஐரோப்பிய வாசகருக்கு இந்த விளக்கத்தைப் பரப்பியவர் யார் என்று பார்த்தால், 1877இல் கொழும்பில் ஒரு தமிழருக்கும் ஆங்கிலப் பெண்மணிக்கும் பிறந்த ஆனந்த குமாரசுவாமி. அவருடைய கட்டுரை 1912இல் ‘சித்தாந்த தீபிகை’யில் வந்தது, 1918இல் நியூயோர்க்கில் நூலாயிற்று. எமது நாட்டவர் ஒருவர் சொன்னதை ஜேர்மனில் எனக்குத் திருப்பிச் சொல்கிறார்கள், அவர் பெயர் இல்லாமல்.

அன்று கேள்வி நேரத்தில் நான் ஒன்று கேட்டேன்: “இது இங்கு எப்படி வந்தது?” அவர் அட்டையைப் பார்த்துவிட்டு, இன்ன ஆண்டில் சேகரிப்புக்கு ‘வந்து சேர்ந்தது’ என்றார். அகதியாக வந்தவர்களுக்கு இந்த வாக்கியம் ஏன் உறைக்கும் என்று விளக்க வேண்டியதில்லை. எமது நேர்காணல்களை நினைத்துப் பாருங்கள். எந்தத் திகதி, எந்தப் பாதை, யார் கூட்டி வந்தது, எவ்வளவு கொடுத்தீர்கள், எல்லையை எத்தனை மணிக்குக் கடந்தீர்கள். ஒரு நாளை மாற்றிச் சொன்னால் முழுக் கதையுமே பொய்யாகிவிடும். ‘வந்து சேர்ந்தேன்’ என்று சொல்லிவிட்டு எழும்பிப் போக எந்த அகதிக்கும் முடியாது. வெண்கலத்துக்கு முடிகிறது.

சூரிச்சின் றீட்பேர்க் நூதனசாலை இந்த விடயத்தில் தனியாகப் பார்க்கவேண்டிய இடம். சோழர்கால நடராஜர் ஒருவர் அங்கே இருக்கிறார், 2008இல் அவரை மையமாக வைத்து ஒரு கண்காட்சியே நடத்தினார்கள். நூதனசாலை இயங்கும் பழைய மாளிகை பட்டு வணிகர் வேசன்டொங்கினுடையது. 1849இல் டிரெஸ்டன் கிளர்ச்சி தோற்றபின் தப்பியோடிவந்த இசையமைப்பாளர் வாக்னர், 1857இல் அந்த மாளிகைக்குப் பக்கத்து வீட்டில் குடியேறினார். அந்த வீட்டுக்கு அவர் வைத்த பெயர் ‘அசூல்’! நாம் இந்த நாட்டில் முதன்முதல் கற்றுக்கொண்ட ஜேர்மன் சொல். அடுத்த வருடமே, வீட்டுக்காரரின் மனைவியோடு ஏற்பட்ட நெருக்கத்தால் அவர் வெளியேற நேர்ந்தது. (எமது அசூல்காரர் எவராவது இப்படிச் செய்திருந்தால் பத்திரிகைகள் என்ன எழுதியிருக்கும் என்பது வேறு விடயம்.)

1952இல் நூதனசாலை திறக்கப்பட்டபோது அதன் அடித்தளமாக இருந்தது பாரன் எடுவாட் பொன் டெர் ஹைற் கொடுத்த சேகரிப்பு. அவர் ஜேர்மனிய வங்கியாளர், 1937இல் சுவிஸ் பிரஜை ஆனவர், 1933 முதல் 1939 வரை நாசிக் கட்சி உறுப்பினர். போருக்குப்பின் வழக்குக்கு முகங்கொடுத்து, 1948இல் விடுதலையானார். இந்த விபரங்கள் இன்று மறைக்கப்படுவதில்லை. பெனின் இராச்சியத்தின் வெண்கலங்கள் எப்படி சுவிஸ் வந்தன என்று ஆராய 2021இல் தொடங்கிய எட்டு நூதனசாலைகளின் முயற்சிக்குத் தலைமை தாங்கியதும் றீட்பேர்க்தான். அதைப் பாராட்டத்தான் வேண்டும். எனினும் ஆய்வறிக்கை ஒரு பக்கம், உலா ஒரு பக்கம். கலைப்பொருட்களின் கள்ளக் கடத்தலுக்கு எதிரான யுனெஸ்கோ சமவாயம் 1970இல் வந்தது. சுவிஸ் அதை ஏற்றது 2003இல். சட்டம் நடைமுறைக்கு வந்தது 2005 யூன் 1. அதற்கு முன்னர், திருட்டுப் பொருளை நல்லெண்ணத்தோடு வாங்கியவரிடமிருந்து மீட்க 5 வருடம்தான் அவகாசம், இப்போது 30. சட்டம் பின்னோக்கிச் செல்லாது. ஒரு நாட்டின் நூதனசாலைகளைப் புரிந்துகொள்ள இந்த ஐந்து வாக்கியங்கள் போதும். சொல்ல ஒரு நிமிடம்கூட ஆகாது. வாக்னரின் காதலைச் சொல்ல நேரமிருக்கிறது அல்லவா?

குற்றத்தை முழுதாக வெள்ளையர் தலையில் கட்டிவிடவும் முடியாது. கும்பகோணத்துக்குப் பக்கத்தில் சிவபுரம் நடராஜர் 1950களில் திருத்த வேலைக்கென்று கோயிலிலிருந்து வெளியே போனார். திரும்பி வந்தது பிரதி. சனம் அந்தப் பிரதிக்குத்தான் தீபம் காட்டிக்கொண்டிருந்தது. 1965இல் பிரித்தானிய நூதனசாலையின் டக்ளஸ் பரட் உண்மையை வெளியிட்டார். அசல் 1973இல் அமெரிக்காவில் நோட்டன் சைமனிடம் விலைபோய், 1986இல்தான் இந்தியாவுக்குத் திரும்பியது. முதற்கை எமது கைதான்.

இனி எம்மவரின் மனக்குறைக்கு வருவோம். நூதனசாலை போய்வரும் தமிழர் வழக்கமாகக் கேட்பது, “கிரேக்கருக்கு இவ்வளவு பெரிய அறை, எங்களுக்கு ஏன் இல்லை?” பாசல் நகரத்தைப் பார்த்தால் இந்தக் கேள்வியின் வேர் தெரியும். கிரேக்கர், உரோமர், எகிப்தியருக்கு அங்கே தனியாக ‘தொன்மை’ நூதனசாலை. ஆசியா, ஆபிரிக்கா, பசிபிக் எல்லாம் இன்னொரு கட்டடத்தில். 1996இல் ‘பண்பாடுகளின் நூதனசாலை’ என்று பெயர் மாற்றும்வரை அது ‘மக்களியல்’ நூதனசாலை. ஒரு கட்டடத்தில் இருந்தால் நாகரிகம், மற்றதில் இருந்தால் மக்கள். எமக்குக் கோபம் வருவது நியாயம்.

ஆனால் அதே பாசலிலிருந்துதான் போல் சரசின், பிரிட்ஸ் சரசின் என்ற இரு உறவினர் 1883இல் இலங்கைக்குப் போனார்கள். 1886வரை தங்கி வேடர்களை அளந்தார்கள், படமெடுத்தார்கள், வேடரின் எலும்புகளையும் மண்டையோடுகளையும் பாசலுக்குக் கொண்டுவந்தார்கள். அவர்களுடைய பெரிய நூலின் தலைப்பு ‘இலங்கையின் வேடர்களும் அவர்களைச் சூழ்ந்துள்ள மக்களும்’. சூழ்ந்துள்ள மக்கள் என்றால் சிங்களவரும் தமிழரும். எம்முடைய மண்டையும் அந்த அளவுகோலின் கீழ்தான் கிடந்தது. இந்தக் கதையை விரிவாக எழுதியவர் ஒரு சுவிஸ் வரலாற்றாசிரியர், பேர்ன்ஹாட் ஷேர், 2015இல். எம்மவர் மத்தியில் இதுபற்றி எவரும் பேசி நான் கேட்டதில்லை. காரணம் எளிது: அளவுகோலோடு எமக்குச் சண்டையில்லை, அதில் எம்மைக் கீழே வைத்ததோடுதான் சண்டை.

பாசலுக்கு என்னோடு வந்திருந்த ஊரவர் ஒருவரிடம், வயதில் மூத்தவர், திரும்பும்போது இதைச் சொன்னேன். “அது வேடருடைய பிரச்சினை தம்பி, எங்கடை இல்லை” என்றார்.

“வாகரைப் பக்கம் கரையோர வேடர் இருக்கினம் அண்ணை. அவை கதைக்கிறது தமிழ்தான்.”

அவர் ரயில் நேர அட்டவணையைப் பார்த்தார். மூன்றாம் மேடை, இன்னும் நான்கு நிமிடம்.